விடுதிக் காதல் கதைகளைத் தடுக்க வேண்டாம், தமிழில் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன வார ஞாயிறு இணைப்பில் வாசகர் ஒருவர் எழுதியிருந்த கடிதத்தைப் படித்தேன். விடுதிப் பள்ளியில் நடக்கும் காதல், அதில் கொஞ்சம் மந்திரம் என்று வருகிற நாவல்களைப் பதின்வயதுப் பிள்ளைகள் விழுந்து விழுந்து படிக்கிறார்கள், இதனால் படிப்பும் கெடுகிறது மனசும் கெடுகிறது, பள்ளி நூலகங்களிலிருந்து இவற்றையெல்லாம் எடுத்துவிட வேண்டும் என்று சொல்லியிருந்தார். அவருடைய கவலை உண்மையானது, அதை நான் குறைத்துப் பேச வரவில்லை. ஆனால் நான் பதினெட்டு வருஷமாகப் பள்ளி நூலகராக இருக்கிறேன், சிறு வயதில் ஆறு வருஷம் விடுதியில் தங்கிப் படித்தவள். இரண்டு பக்கமும் இருந்து பார்த்ததால் சொல்கிறேன், அந்தப் புத்தகங்களை எடுத்துவிட்டால் பிள்ளைகள் வேறு எங்கோ, இதைவிட மோசமான ஒன்றைத் தேடிப் படிப்பார்கள். இதே மாதிரிக் கதைகள் தமிழில் நல்லபடியாக எழுதப்பட வேண்டும். இப்போது இருக்கிற குறை அதுதான்.

எங்கள் அலமாரியில் அப்படி ஓர் ஆங்கில நாவல் இருக்கிறது. பெயர் வேண்டாம். பின்னட்டைக்குள் ஒட்டியிருந்த தேதிச் சீட்டு நிரம்பி, அதன்மேல் இன்னொன்று ஒட்டி, அதுவும் நிரம்பிவிட்டது. முதுகு பிரிந்துபோய் இரண்டு தடவை பசை வைத்திருக்கிறேன். மேசையில் வைத்தால் எப்போதும் ஒரே பக்கத்தில்தான் தானாகத் திறந்துகொள்ளும். முத்தக் காட்சியாக இருக்கும் என்றுதான் நானும் முதலில் நினைத்தேன். எடுத்துப் பார்த்தால், கதாநாயகி தன் அறைத்தோழியிடம் பொய் சொன்னதை ஒத்துக்கொண்டு, மாடிப்படியில் உட்கார்ந்து மன்னிப்புக் கேட்கிற பக்கம். ஓரத்தில் யாரோ பென்சிலால் கோடு போட்டிருக்கிறார்கள், அதற்குக் கீழே வேறொரு கையெழுத்தில் 'நானும்' என்று ஒரே ஒரு சொல். புத்தகத்தில் எழுதக் கூடாது என்று எல்லாப் பிள்ளைகளுக்கும் சொல்கிறவள் நான், இருந்தும் அந்தச் சொல்லை அழிக்க எனக்கு மனம் வரவில்லை.

இந்த வருஷம் பதினோராம் வகுப்பு மாணவி ஒருத்தி அந்தப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, "மிஸ், இதே மாதிரி தமிழ்ல இருக்கா?" என்று கேட்டாள். இரு பார்க்கிறேன் என்று உள்ளே போனேன். சிறுவர் கதைகள் இருந்தன, சரித்திர நாவல்கள் வரிசையாக இருந்தன, பெரியவர்களுக்கான குடும்ப நாவல்கள் இருந்தன. பதினாறு வயதுக்கு என்று, அந்த வயதின் குரலில், என் அலமாரியில் ஒன்றும் இல்லை. வெறுங்கையோடு அவள் முன்னால் வந்து நின்றது இன்னும் மனசில் உறுத்துகிறது.

இத்தனைக்கும் இந்த வகைக் கதை நமக்குப் புதிதே இல்லை. விடுதி என்பது என்ன? அப்பா அம்மா பக்கத்தில் கிடையாது, எழுவதிலிருந்து விளக்கு அணைப்பது வரை நேரம் முழுக்க மணி அடிப்பவர் கையில், தனியாக உட்கார ஓர் இடம் இல்லை, என்ன செய்தாலும் நாலு கண் பார்க்கும். அப்படிப்பட்ட இடத்தில் காதல் என்றால் சாப்பாட்டு வரிசையில் இரண்டு பேர் தள்ளி நிற்பது, வாங்கின பேனாவை ஒரு நாள் தாமதமாகத் திருப்பிக் கொடுப்பது, அவ்வளவுதான். அந்த அவ்வளவில் ஒரு முழு நாளே நிரம்பிவிடும். இதைத்தான் நம் சங்க அகப்பாடல்கள், கல்யாணத்துக்கு முன்னால் யாருக்கும் தெரியாமல் வளர்கிற காதலுக்குக் களவு என்று பெயர் வைத்து, துறை துறையாகப் பிரித்துப் பாடி வைத்திருக்கின்றன.

அகநானூற்றில் 122-ஆம் பாட்டு, பரணர் பாடியது, அதை எடுத்துப் பாருங்கள். இரவில் சந்திக்க முடியாத தலைவி தோழியிடம் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே போகிறாள். திருவிழா இல்லாத நாளிலும் இந்த ஊர் தூங்குவதில்லை. ஊர் தூங்கினால் அம்மா தூங்குவதில்லை. அம்மா கண்ணயர்ந்தால் காவலர்கள் சுற்றி வருகிறார்கள். அவர்கள் ஓய்ந்தால் நாய் குரைக்கிறது. நாய் அடங்கினால் நிலா பகல் மாதிரி காய்கிறது. நிலா மலைக்குப் பின்னால் போனால் கூகை அலறுகிறது, கூகையும் ஓய்ந்தால் சேவல் கூவிவிடுகிறது. அப்புறம் எல்லாமே அடங்கிக் கிடந்த ஒரு நாளில் பார்த்தால், அவன் வரவில்லை. அம்மா இருக்கிற இடத்தில் வார்டனை வைத்து, காவலர் இருக்கிற இடத்தில் கேட்டில் நிற்கிற வாட்ச்மேனை வைத்தால், ஒரு விடுதி நாவலுக்கு வேண்டிய பதற்றம் அத்தனையும் அந்த ஒரே பாட்டில் இருக்கிறது. வீட்டை விட்டு வெளியே போகவிடாமல் வைப்பதற்கு இற்செறிப்பு என்று பெயர், ஊர் பேசுகிற பேச்சுக்கு அலர் என்று பெயர். விடுதியில் படித்தவர்களுக்கு இரண்டையும் விளக்க வேண்டியதே இல்லை.

இன்னொன்றும் கவனித்திருக்கிறேன். அந்தப் பாடல்களில் தோழிக்கு எவ்வளவு பேச்சு! திட்டுவது, தேற்றுவது, வாசலில் நின்று அவனைக் கேள்வி கேட்பது, எப்போது கல்யாணம் செய்துகொள்ளப் போகிறாய் என்று நெருக்குவது எல்லாம் அவள்தான். நல்ல விடுதிக் கதையிலும் அப்படித்தான், காதலனைவிட அறைத்தோழிதான் மனசில் நிற்கிறாள். என் நூலகப் புத்தகம் மாடிப்படிப் பக்கத்தில் திறந்துகொள்வதற்கும் காரணம் இதுதான் என்று நம்புகிறேன்.

என் சொந்த அனுபவம் ஒன்றையும் எழுதிவிடுகிறேன், இதை இதுவரை யாரிடமும் விரிவாகச் சொன்னதில்லை. நான் ஒன்பதாம் வகுப்பு படிக்கும்போது எங்கள் அறையில் இருந்த ஒரு பெண்ணுக்குப் பையன்கள் விடுதியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. கோடு போட்ட தாளில் ஒரு பக்கம். பரீட்சைக்கு வாழ்த்து, எங்கோ படித்த இரண்டு வரிக் கவிதை, சனிக்கிழமை நூலகத்துக்கு வருவாயா என்று ஒரு கேள்வி. அந்தக் கடிதம் வார்டன் கையில் சிக்கியது. அன்று இரவு சாப்பாட்டுக் கூடத்தில் அத்தனை பேர் முன்னால் அதை ஒவ்வொரு வரியாக உரக்கப் படித்தார்கள். அவள் தட்டில் வைத்த கையை எடுக்காமல் உட்கார்ந்திருந்தாள். நான் பக்கத்திலேயே இருந்தேன், என் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன், ஒரு வார்த்தை பேசவில்லை. அடுத்த பருவத்துக்கு அவள் வரவில்லை. சுருட்டிக் கட்டிய அவளுடைய மெத்தை கட்டிலின் தலைமாட்டில் ரொம்ப நாள் கிடந்தது.

அந்த விடுதியில் அப்போது ஒரு கதைப் புத்தகம்கூடக் கிடையாது. போன வாரம் எழுதிய வாசகர் இதை யோசிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். கதை படித்து யாருக்கும் அங்கே காதல் வரவில்லை. தனக்கு வருகிற இந்த உணர்ச்சி நோயும் இல்லை குற்றமும் இல்லை, இதை வைத்துக்கொண்டு படிக்கவும் முடியும், வேண்டாம் என்று சொல்லவும் முடியும், காத்திருக்கவும் முடியும் என்று அந்தப் பெண்ணுக்குச் சொல்ல யாரும் இல்லை, எதுவும் இல்லை. பக்கத்தில் இருக்கிறவள் எப்படித் துணை நிற்க வேண்டும் என்று எனக்குச் சொல்லவும் எதுவும் இல்லை.

சரி, மந்திரம் எதற்கு என்று கேட்கலாம். ஆங்கிலத்தில் விடுதிக் கதை மந்திரம் இல்லாமல்தான் தொடங்கியது. 1749-ல் சாரா ஃபீல்டிங் ஒரு பெண்கள் பள்ளியை வைத்தும், 1857-ல் தாமஸ் ஹியூஸ் ரக்பி பள்ளியை வைத்தும் எழுதியவை ஒழுக்கம் போதிக்கவே எழுதப்பட்ட கதைகள். பின்னால் பள்ளிக்குள் மந்திரம் வந்தது. 1968-ல் அர்சுலா லெ குவின் ஒரு தீவில் மந்திரவாதிகளின் பள்ளியை வைத்தார், அங்கே ஒரு பையன் தன் பெருமையைக் காட்ட ஒரு மந்திரம் போடப்போய், அதிலிருந்து கிளம்பிய நிழல் அவனையே துரத்துகிறது. 1997-ல் ஹாரி பாட்டர் வந்த பிறகு மந்திரப் பள்ளி என்றால் என்னவென்று உலகத்துக்கே தெரியும். லெ குவினிடமிருந்து நான் எடுத்துக்கொள்வது ஒன்று, மந்திரத்துக்கு ஒரு விலை இருக்க வேண்டும்.

நம் மணிமேகலையில் அந்த விலை எவ்வளவு பயங்கரமாக வருகிறது! மணிமேகலா தெய்வம் அவளுக்கு மூன்று மந்திரங்கள் தருகிறது. வேற்றுருவம் எடுக்க ஒன்று, வானத்தில் போக ஒன்று, பசி தீர ஒன்று. தன்னை விடாமல் பின்தொடரும் உதயகுமரனிடமிருந்து தப்பிக்க அவள் காயசண்டிகை என்ற வேறொரு பெண்ணின் உருவம் எடுக்கிறாள். அவனோ அப்போதும் விடவில்லை. காயசண்டிகையின் கணவன் காஞ்சனன், இவள் தன் மனைவி என்று நினைத்து, உதயகுமரனை வெட்டிப்போட்டுவிடுகிறான். ஓர் இளம்பெண், அவள் மறுத்தும் விடாத ஓர் அரசகுமாரன், ஒரே ஒரு மந்திரம், அதிலிருந்து ஒரு கொலை. இளையோருக்கான மந்திரக் கதை எழுத வருகிறவர்கள் வேறு எங்கும் பாடம் தேடிப் போக வேண்டியதில்லை.

இளையோர் கதைக்கு மந்திரம் ஒரு சிட்டிகை போதும். உலகத்தைக் காப்பாற்றும் போர் எல்லாம் வந்தால் காதல் ஓரமாகப் போய் நின்றுவிடும். யாராவது பொய் சொன்னால் மாடிப்படியில் ஒரு படி கூடிவிடுகிறது என்று வையுங்கள், அல்லது எழுதிய கடிதம் முழு மனசோடு எழுதப்படவில்லை என்றால் காலையில் தாள் வெறுமையாகிவிடுகிறது என்று வையுங்கள். அந்த வயதில் உள்ளே நடப்பதற்கு வார்த்தை கிடைப்பதில்லை, மந்திரம் அதைக் கண்ணுக்குத் தெரிகிற பொருளாக்கிக் கையில் கொடுக்கிறது. ஆனால் வசிய மருந்து, வசிய மந்திரம் என்று மட்டும் தயவுசெய்து எழுத வேண்டாம். ஒருத்தியின் சம்மதத்தை மந்திரத்தால் பறித்துவிட்டு அதற்குக் காதல் என்று பெயர் வைத்தால், அதைப் படிக்கிற பதினைந்து வயதுப் பையன் என்ன கற்றுக்கொள்வான்? உதயகுமரன் மாதிரி பின்னாலேயே சுற்றுகிறவனைக் கடைசியில் ஜெயிக்க வைக்கிற கதைகளும் வேண்டாம். ஆசிரியருக்கும் மாணவிக்கும் காதல் என்பது எந்த வடிவத்திலும் கூடாது, அதில் எனக்குப் பேச்சுக்கே இடமில்லை. இந்த விஷயத்தில் போன வாரம் எழுதிய வாசகரும் நானும் ஒரே பக்கம்தான் நிற்கிறோம்.

எழுதுகிறவர்களுக்கு இன்னொரு வேண்டுகோள். பிள்ளைகளின் பேச்சைக் காது கொடுத்துக் கேட்டுவிட்டு எழுதுங்கள். பதினாறு வயதுப் பெண் மேடைப் பேச்சு மாதிரி பேசினால் முதல் பக்கத்திலேயே மூடி வைத்துவிடுவார்கள், அதை நான் தினமும் மேசைக்கு இந்தப் பக்கம் இருந்து பார்க்கிறேன். நடுநடுவே அறிவுரை வந்தாலும் அப்படித்தான்.

உங்களிடம் நான் கேட்பது இதுதான். ஞாயிறு இணைப்பில் இளையோருக்கு என்று ஒரு தொடர்கதைக்கு இடம் கொடுங்கள். அச்சுக்குப் போகும் முன்னால் நாலு மாணவர்களிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள், அவர்கள் முகம் சுளிக்கிற இடத்தைத் திருத்தினால் போதும்.

தமிழில் இருக்கிறதா என்று கேட்ட அந்த மாணவி, நான் வெறுங்கையோடு திரும்பி வந்த மூன்றாவது வாரம் ஒரு நீல அட்டை நோட்டைக் கொண்டுவந்து கொடுத்தாள். அவளே எழுத ஆரம்பித்துவிட்டாள். விடுதியில் நள்ளிரவில் ஒரு மணி அடிக்கிறது, மனசுக்குள் யாரையோ நினைத்துக்கொண்டு தூங்காமல் இருப்பவர்களுக்கு மட்டும்தான் அது கேட்கும். பெண்கள் பக்கம் ஒருத்திக்கும், பையன்கள் பக்கம் ஒருத்தனுக்கும் கேட்கிறது. மூன்றாம் அத்தியாயம் வரை எழுதியிருக்கிறாள், எழுத்துப்பிழை இருக்கிறது, வாக்கியங்கள் சில இடத்தில் தடுக்குகின்றன, ஆனால் நான் ஒரே மூச்சில் படித்தேன். மூன்றாம் அத்தியாயத்தின் கடைசியில் அந்தப் பெண் கதவைத் திறந்துகொண்டு வெளியே வருகிறாள். நடையின் மறுகோடியில் வார்டன் விளக்கு இல்லாமல் நின்றுகொண்டிருக்கிறார், அவருக்கும் அந்த மணி கேட்டிருக்கிறது.

இணைப்பில் இடம் உண்டு என்று நீங்கள் சொன்னால், அவளிடம் கேட்டு, அவளுக்கும் வீட்டில் உள்ளவர்களுக்கும் சம்மதம் என்றால் நோட்டை அனுப்பி வைக்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு பள்ளி நூலகர்