.255 அடித்தவர்

சிரஞ்சீவி கதிருக்கு அப்பா எழுதிக்கொள்வது,

ஞாயிற்றுக்கிழமை போனில் நீ பேசியது இன்னும் மனசில் ஓடிக்கொண்டே இருக்கிறது. அந்த ஜூனியர் காலேஜில் பேஸ்பால் ஹிட்டிங் கோச் வேலைக்குக் கூப்பிட்டதைச் சொன்னாய், சம்பளம் இப்போது வாங்குவதில் பாதிகூட வராது என்றாய், அதுவரைக்கும் சரி. அப்புறம் "காலேஜில் .240 அடித்தவன்பா நான், என் பேச்சை எந்தப் பையன் கேட்பான்" என்று சொல்லிவிட்டு வேறு பேச்சுக்குப் போய்விட்டாய். ஆயிரம் தடவை அடிக்க நின்றால் 240 ஹிட், அந்த ஆவரேஜைத்தான் சொன்னாய். எனக்கு அப்போது பதில் வரவில்லை. நாலு நாளாக யோசித்து எழுதுகிறேன்.

பணத்தைப் பற்றி நான் எதுவும் சொல்லப்போவதில்லை. அது நீயும் வித்யாவும் உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டியது, வீட்டுக் கடன் இருக்கிறது, குழந்தை இருக்கிறது. கட்டுப்படியாகாது என்று நீங்கள் முடிவெடுத்தால் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனால் அந்த .240 காரணத்தை மட்டும் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

நான் கன்சாஸ் சிட்டிக்கு வந்தது 1976-இல் என்று உனக்குத் தெரியும். வந்த புதிதில் கூட வேலை பார்த்த ஒருவர் இந்த ஊர் பேஸ்பால் அணியான ராயல்ஸ் ஆட்டத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார். அப்போது அந்த மைதானம் கட்டி மூன்று வருடம்தான் ஆகியிருந்தது, தரையெல்லாம் செயற்கைப் புல், பந்து பட்டால் வழுக்கிக்கொண்டு ஓடும். எனக்கு கிரிக்கெட் தவிர வேறு எதுவும் தெரியாது. ஆட்டம் தொடங்க ரொம்ப நேரம் முன்னாலேயே போய்விட்டோம். பேட்டிங் பயிற்சி நடந்துகொண்டிருந்தது, வலைக்கூண்டுக்குப் பின்னால் ஒரு மனிதர் ஒவ்வொருவனாக வந்து அடிப்பதைப் பார்த்துக்கொண்டே நின்றார். அவர் யார் என்று கேட்டேன். "சார்லி லாவ், ஹிட்டிங் கோச்" என்றார் நண்பர். அடிப்பதற்கென்று தனியாக ஒரு வாத்தியாரா என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது. நம் பக்கத்தில் அன்றைக்கு அப்படி யாரும் கிடையாது. அதன் பிறகு எத்தனை ஆட்டத்துக்குப் போனாலும் சீக்கிரமே போய் உட்கார்ந்து அவரைத்தான் முதலில் தேடுவேன். நான் இருந்த தூரத்துக்கு அவர் பேசுவது ஒன்றும் கேட்காது, ஒருவனுடைய தோளைத் தொட்டுக் காட்டுவார், தானே ஒரு தடவை மட்டை இல்லாமல் வீசிக் காட்டுவார், அவ்வளவுதான் தெரியும்.

அவர் எப்படி ஆடியவர் என்று பின்னால்தான் தெரிந்துகொண்டேன். மிச்சிகனில் ரோமுலஸ் என்ற ஊரில் 1933-இல் பிறந்தவர். கேட்சர், அதாவது உன் தாத்தாவுக்கு நான் எழுதும்போது "நம்ம விக்கெட் கீப்பர் மாதிரி" என்று எழுதுவேனே, அது. 1956-இலிருந்து 1967 வரை டெட்ராய்ட், மில்வாக்கி, பால்டிமோர், இதே கன்சாஸ் சிட்டியில் அப்போது இருந்த அத்லெடிக்ஸ், மறுபடி பால்டிமோர், கடைசியில் அட்லாண்டா என்று ஊர் ஊராக அனுப்பினார்கள். எல்லாம் சேர்த்து 527 ஆட்டம். நம்ம சிக்ஸர் மாதிரியான ஹோம் ரன் 16. ஆவரேஜ் .255. உன்னைவிடப் பதினைந்து புள்ளி அதிகம், அதுவும் பெரிய லீகில், அதனால் இரண்டையும் ஒன்றாக வைக்கக்கூடாது என்று நீ சொல்வாய், சரி. ஆனால் அந்த .255 வைத்துக்கொண்டு அவர் யாருக்குச் சொல்லிக்கொடுத்தார் என்று பார்.

ஒரு விஷயத்தை இங்கே சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் எனக்கு இதுதான் முக்கியமாகப் படுகிறது. 1962-இல் பால்டிமோரில் இருந்தபோது, வேலை போய்விடும் என்ற நிலையில்தான் அவர் தான் நிற்கும் விதத்தையே மாற்றினார். கால்களை அகட்டி, மட்டையைக் கிட்டத்தட்டப் படுக்கவைத்துப் பிடித்து, இழுத்து அடிப்பதை விட்டுவிட்டுப் பந்து வரும் திசைக்கே அனுப்பினார். அந்த வருடம் .294 அடித்தார், ஜூலையில் ஒரே ஆட்டத்தில் நாலு டபுள், அதாவது அடித்துவிட்டு இரண்டாவது பேஸ்வரை ஓடிச் சேரும் ஹிட். பிறந்தபோதே கையில் வரம் வாங்கிவந்தவனுக்கு நான் எப்படி அடிக்கிறேன் என்று யோசிக்க வேண்டிய தேவையே வராது. லாவுக்கு ஒவ்வொன்றையும் கழற்றிப் பார்க்க வேண்டியிருந்தது, எடை எந்தக் காலில் இருக்கிறது, தலை எங்கே போகிறது, கை எப்போது இறுகுகிறது என்று. அப்படிக் கழற்றிப் பார்த்தவரால்தான் இன்னொருவனுக்கு எங்கே மாட்டியிருக்கிறது என்று சொல்ல முடிந்தது. போதாததற்குக் கேட்சராக வருடக்கணக்கில் உட்கார்ந்திருந்தவர். பந்து வீசும் வாரன் ஸ்பான் 1961-இல் நாற்பது வயதில் ஒரு ஹிட்கூடக் கொடுக்காமல் ஜயண்ட்ஸ் அணியை முடித்தாரே, அன்றைக்குப் பந்து பிடித்தது இவர்தான். அடிக்கிறவன் எங்கே தடுமாறுகிறான் என்று அவ்வளவு கிட்டத்தில் இருந்து பார்க்கிற ஆள் மைதானத்தில் வேறு யார் இருக்கிறார்கள்? நீயும் பாதி நாள் ஆட்டக்காரர்கள் உட்காரும் டக்அவுட்டில் பென்சிலும் நோட்டுமாக உட்கார்ந்திருந்தவன்தானே.

ராயல்ஸில் ஆடிய ஜார்ஜ் பிரெட் கதை உனக்கு மனப்பாடம், நானே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன், ஆனாலும் மறுபடி சொல்கிறேன். 1974-இல் அவனுக்கு இருபத்தொரு வயது, முழுசாக ஆடும் முதல் வருடம். பாஸ்டனின் பெரிய ஆட்டக்காரர் கார்ல் யாஸ்ட்ரெம்ஸ்கி மாதிரி மட்டையை உயரத் தூக்கிப் பிடித்து நின்றுகொண்டு, வருடத்தின் பாதிவரைக்கும் தத்தளித்துக்கொண்டிருந்தான். ஆல் ஸ்டார் இடைவேளை சமயத்தில் லாவ் அவனைக் கையில் எடுத்தார். யாஸ்ட்ரெம்ஸ்கியை மறந்துவிடு என்று எடையைப் பின்னங்காலுக்குக் கொண்டுபோகவைத்து, மட்டையைத் தோள் பக்கம் இறக்கவைத்து, பின்னால் சாய்ந்து ஆரம்பித்து முன்னால் வந்து அடிக்கச் சொல்லிக்கொடுத்தார். தினமும் மற்றவர்கள் வருவதற்கு முன்னால் இருவரும் வந்துவிடுவார்கள். அந்த வருடக் கடைசியில் .282. அடுத்த வருடம் .308. 1976-இல், நான் வந்த வருடம், .333 அடித்து லீகிலேயே முதலிடம், இரண்டாவது இடத்தில் .332-உடன் ஹால் மெக்ரே, அவரும் லாவிடம் கற்றவர். கடைசி நாள் கடைசி ஆட்டம்வரை இருவருக்கும்தான் போட்டி. ஒரே வாத்தியாரின் இரண்டு பிள்ளைகள்.

அதற்கு நடுவில் ஒன்று நடந்தது. 1974 முடிவிலேயே லாவை அந்த வேலையிலிருந்து எடுத்துவிட்டார்கள். பிரெட் கொதித்துப்போனான். 1975 நடுவில் வைட்டி ஹெர்சாக் மேனேஜராக வந்த பிறகுதான் அவர் திரும்பி வந்தார். 1978-க்குப் பிறகு மறுபடியும் போய்விட்டார், நியூயார்க் யாங்கீஸுக்கு. இதை ஏன் சொல்கிறேன் என்றால், இந்த வேலையில் நிலை கிடையாது கதிர். பையன் அடித்தால் பையனுடைய திறமை, அடிக்காவிட்டால் கோச்சை மாற்று. இதெல்லாம் தெரிந்துதான் நீ போக வேண்டும், நான் இனிப்பாக மட்டும் சொல்லி அனுப்பினால் அது சரியாக இருக்காது.

யாங்கீஸில் ரெஜி ஜாக்சன் இருந்தார், அப்போதே பெரிய நட்சத்திரம். அவர் வாழ்நாளிலேயே ஒரே ஒரு தடவைதான் .300 அடித்தார், அது 1980, லாவ் அங்கே இருந்த வருடம். அதே 1980-இல் இங்கே பிரெட் .390. அந்த வருடம் முழுக்க நாங்கள் ரேடியோவை அணைக்கவே இல்லை. செப்டம்பரில்கூட .400-க்கு மேலே இருந்தான், கடைசியில் 449 தடவை நின்று 175 ஹிட், இன்னும் ஐந்து ஹிட் இருந்திருந்தால் .400. அப்போது லாவ் வேறு ஊரில் வேறு சட்டை போட்டுக்கொண்டு இருந்தார். பிரெட் பின்னால் சாய்ந்து நிற்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கூண்டுக்குப் பின்னால் நின்ற மனிதர்தான் ஞாபகம் வருவார்.

எல்லோரும் அவரை ஒத்துக்கொண்டார்கள் என்று நினைக்காதே. டெட் வில்லியம்ஸ் மாதிரி ஆள், வாழ்நாள் ஆவரேஜ் .344, 1941-இல் .406 அடித்தவர், லாவ் சொல்வது தப்பு என்று வெளிப்படையாகவே சொன்னார். இடுப்பு முதலில் திரும்ப வேண்டும், மட்டை கொஞ்சம் மேல்நோக்கி வர வேண்டும் என்பது வில்லியம்ஸ் கட்சி. எடை பின்னாலிருந்து முன்னால் வர வேண்டும், தலை கீழே பந்திலேயே இருக்க வேண்டும், மட்டையைப் பாதியில் நிறுத்தாமல் முழுக்க வீசி முடிக்க வேண்டும் என்பது லாவ் கட்சி. இன்றைக்கு நீங்கள் பேசுகிற கோணம், வேகம் எல்லாம் வைத்துப் பார்த்தால் வில்லியம்ஸ் பக்கம்தான் காற்று அடிக்கிறது என்று நீதான் எனக்குச் சொன்னாய். இருக்கட்டும். எனக்கு அந்தத் தீர்ப்பு சொல்லும் தகுதி இல்லை. ஆனால் .344 அடித்தவர் எதிரே நின்று மறுக்கும்போது .255 அடித்தவர் அசையாமல் இருந்தாரே, அது எதனால்? எழுபதுகளிலேயே வீடியோ எடுத்துத் திரும்பத் திரும்ப ஓடவிட்டுப் பார்த்தவர் அவர். தான் அடித்ததை வைத்து அவர் பேசவில்லை, தான் பார்த்ததை வைத்துப் பேசினார். உன் லேப்டாப்பில் இன்னமும் நீ அடித்ததைவிட மற்றவர்கள் அடித்த வீடியோதான் அதிகம் இருக்கிறது என்று வித்யா சொல்கிறாள்.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. 2013-இல் ராயல்ஸ் அடிக்க முடியாமல் திணறியபோது பிரெட்டையே தற்காலிக ஹிட்டிங் கோச்சாகக் கொண்டுவந்தார்கள். 3,154 ஹிட் அடித்தவர், அவரைவிட யார் வேண்டும் என்று ஊரே சந்தோஷப்பட்டது, நானும்தான். மே கடைசியில் வந்தார், ஜூலை கடைசியில் தன் பழைய பொறுப்புக்கே திரும்பிவிட்டார், இரண்டு மாதம்கூட முழுசாக ஆகவில்லை. அவருக்கு அறுபது வயது, 162 ஆட்டத்துக்கு ஊர் ஊராக அலைய வேண்டிய வேலை, நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அடிக்கத் தெரிவது ஒரு வேலை, இது வேறொரு வேலை என்று எனக்கு அன்றைக்குத்தான் நன்றாகப் புரிந்தது.

லாவ் கடைசியாக இருந்தது சிகாகோ வொயிட் சாக்ஸில். 1983-இல் அவர்கள் 99 ஆட்டம் ஜெயித்துத் தங்கள் பிரிவில் முதலில் வந்தார்கள். அந்தச் சமயத்தில் அவருக்குக் குடலில் புற்றுநோய். 1984 மார்ச்சில் ஃபுளோரிடாவில் இறந்துபோனார், ஐம்பது வயது. அடுத்த வருடம் அக்டோபரில் ராயல்ஸ் வேர்ல்ட் சீரிஸ் இறுதித் தொடரை ஜெயித்தபோது அவர் இல்லையே என்று நான் அழுதேன், உன் அம்மா இன்றைக்கும் அதைச் சொல்வாள். நேரில் ஒரு வார்த்தை பேசியதில்லை அவரிடம்.

உனக்கு ஒரு விஷயம் சொல்ல வேண்டும், ரொம்ப நாளாகச் சொல்லாமல் வைத்திருக்கிறேன். நீ ஆடிக்கொண்டிருந்த அந்த லீகில் உன்னை அணியிலிருந்து விடுவித்த அன்று நீ வண்டி ஓட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தாய், நான் "சரி, ஆடியது போதும், இனிமேல் உருப்படியாக ஏதாவது பார்" என்றேன். நீ ஒன்றும் சொல்லாமல் மேலே போய்ப் படுத்துவிட்டாய். அந்த "உருப்படியாக" என்ற சொல்லை நான் திரும்ப எடுத்துக்கொள்ள வேண்டும் என்று பதினொரு வருடமாக நினைக்கிறேன். தப்பு என் மேல்தான் கண்ணா.

ஏனென்றால் நான் பார்த்திருக்கிறேன். உனக்கு அப்போது பதினாறு வயது இருக்கும், ஓவர்லேண்ட் பார்க்கில் அந்தப் பேட்டிங் கேஜுக்கு உன்னைக் கூட்டிப்போக வந்து காரிலேயே உட்கார்ந்திருந்தேன். உன் நேரம் முடிந்துவிட்டது. பக்கத்துக் கேஜில் எட்டு வயசுப் பையன் ஒருவன் எதையும் அடிக்க முடியாமல் அழும் நிலையில் இருந்தான், அவன் அப்பா பின்னாலிருந்து கத்திக்கொண்டிருந்தார். நீ போய் அந்த மனிதரிடம் ஏதோ மரியாதையாகச் சொன்னாய், அவர் நகர்ந்தார். நீ குனிந்து அந்தப் பையனுடைய முன்னங்காலைப் பிடித்துக் கொஞ்சம் திருப்பிவைத்தாய், கையை லூசாக்கச் சொல்லி உன் விரலால் அவன் விரலைத் தட்டினாய். மெஷினில் போடவே விடவில்லை, டீ என்கிற கம்பத்தின் மேல் வைத்த பந்தைத்தான் அடிக்கவிட்டாய், நாற்பது தடவை இருக்கும். நாற்பது நிமிஷம் நான் காரில் காத்திருந்தேன். நீ உன் ஆட்டத்தில் அடித்த எந்த டபுளுக்கும் உன் முகம் அந்தப் பையன் நேராக ஒன்று அடித்தபோது இருந்த மாதிரி இருந்ததில்லை. அன்றைக்கு வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன், உன்னிடம் சொல்லவில்லை.

இந்த மாதக் கடைசிக்குள் பதில் சொல்ல வேண்டும் என்றாய். எதுவானாலும் முதலில் அந்தத் தலைமைக் கோச்சிடம் இரண்டு விஷயம் கேள், எத்தனை பையன்கள் உன் கையில் இருப்பார்கள், மழைக்காலத்தில் உள்ளே பயிற்சி செய்ய இடம் இருக்கிறதா என்று. அப்புறம் வித்யாவிடம் இந்தக் கடிதத்தைக் காட்டு, அவளுக்குத் தெரியாமல் எதையும் முடிவு செய்யாதே.

அம்மா எலுமிச்சை ஊறுகாய் இரண்டு பாட்டில் கட்டி வைத்திருக்கிறாள், என் பழைய ஸ்கோர் நோட்டுகளையும் அதே பெட்டியில் வைத்து அனுப்புகிறேன், 1976, 77, 78 மூன்றும் இருக்கின்றன. 77-இல் சில பக்கம் மழையில் நனைந்து ஒட்டிக்கொண்டிருக்கும், மெதுவாகப் பிரி.

அப்பா