மாகாணிக்குக் கீழே

உ
சிவமயம்

ஸ்காட்லாந்து,
மார்கழி

அன்புள்ள ஆத்தாவுக்கு,

உங்கள் கடிதம் வந்து பதினாறு நாளாகிறது. அதற்கு முந்தியதற்கும் நான் பதில் போடவில்லை. “இருக்கிறாயா இல்லையா, ஒரு வரி எழுது” என்று கேட்டிருந்தீர்கள். இருக்கிறேன், நன்றாகவே இருக்கிறேன். மன்னித்துக்கொள்ளுங்கள்.

இப்போது இங்கே விடியவே எட்டரை மணிக்கு மேலாகிறது. மூன்றே முக்காலுக்குள் விளக்கேற்றிவிடுகிறோம். காலையில் ஓட்ஸ் கஞ்சி, உப்புப் போட்டது. பசிக்கு நல்லதுதான். கீழவீட்டு ஆச்சி கொடுத்துவிட்ட சீப்புச் சீடை டின்னில் இன்னும் இருக்கிறது. நாளைக்கு இரண்டு என்று கணக்கு வைத்திருக்கிறேன். உதவித்தொகை வரச் சற்றுத் தாமதம், அவ்வளவுதான். பணம் அனுப்ப வேண்டாம்.

மந்திரம் படிக்கவா கடல் தாண்டினாள் என்று தேவகோட்டை அம்மான் கேட்டாராமே. கல்லூரியில் அவர் புரட்டிய மடக்கை (லாகரிதம்) அட்டவணைக்கு மூலவர் இந்த ஊர்க்காரர்தான் என்று சொல்லுங்கள். எடின்பரோவில் 1550இல் பிறந்த ஜான் நேப்பியர். 1614இல் மடக்கையை வெளியிட்டார். அக்கம்பக்கத்தார் அவரை மந்திரவாதி என்றே நம்பினார்கள். வீட்டில் திருட்டுப் போனபோது, திருடன் தொட்டால் என் கறுப்புச் சேவல் காட்டிக்கொடுக்கும் என்று சொல்லி, வேலையாட்களை ஒவ்வொருவராக இருட்டறைக்குள் அனுப்பினாராம். சேவல் மேல் கரி பூசியிருந்தார். பயந்து தொடாமல் வந்தவன் கை மட்டும் சுத்தமாக இருந்தது. எங்கள் பள்ளியில் முதல் நாள் சொல்லிக்கொடுத்த கதை இதுதான்.

எதிர் அறையில் ஓர் அம்மையார். எழுபது வயதிருக்கும். எங்கள் மாடிக்குப் பதினேழு படி. அவர் பகா எண் வரும் படியில் மட்டும்தான் கால் வைப்பார். 7இலிருந்து 11க்கும், 13இலிருந்து 17க்கும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு ஒரே தாவு. நண்பகலுக்கு முன் யாரோடும் பேசமாட்டார். ஆனால் நான் இருமிய இரவில் கதவுக்கு வெளியே சூடான பால் வைத்திருந்தார்.

இரவு பத்துக்கு மேல் வாசல் பூட்டு ஓர் எண்ணைக் காட்டும். எந்த இரண்டு எண்களைப் பெருக்கினால் அது வரும் என்று சொன்னால்தான் திறக்கும். சமையற்கூடத்தில் பாத்திரம் கழுவ உதவிவிட்டு வர எனக்கு நேரமாகிவிடும். பொழுதுபோக்குக்காகத்தான். ஒரு நாள் 8051 என்று காட்டியது. பனியில் நின்றபடி அப்பச்சியை நினைத்தேன். பக்கத்து முழு எண்ணுக்குப் போய்விட்டுத் திரும்பி வா என்பார்களே. 90ஐ 90ஆல் பெருக்கினால் 8100. குறைவது 49, அதாவது ஏழேழு. ஆக, 90இல் ஏழைக் கூட்டு, ஏழைக் கழி: 97, 83. பூட்டு விட்டது.

போன வாரம் சுடரைப் பாதி பாதியாகக் குறைக்கும் பாடம். ஒவ்வொரு படியையும் மூச்சு விடாமல் ஒரே சொல்லில் சொல்ல வேண்டும். மற்றவர்கள் திணற, நான் அரை, கால், அரைக்கால், மாகாணி என்றேன். சுடர் பதினாறில் ஒரு பங்காக அடங்கி நின்றது. ஆசிரியர் பத்தில் ஒரு பங்கையும் சொல்லச் சொன்னார், நம் ‘இருமா’. சொன்னதும் நடுங்கியது. கணினியும் அப்படித்தானாம், இரண்டை வைத்தே எண்ணுவது. அதில் பத்தில் ஒன்று என்றைக்கும் எழுதி முடியாதாம், பாதிக்குப் பாதிதான் பிசகாமல் நிற்குமாம். ஐயா திண்ணையில் வைத்துச் சொல்லிக்கொடுத்ததை, ஆத்தா, இங்கே எல்லோரும் எழுந்து நின்று கேட்டார்கள்.

நேற்றுப் பிள்ளையார் நோன்பு. வெள்ளைத் துண்டிலிருந்து 21 நூல் உருவித் திரித்தேன். அரிசி மாவு இல்லை, ஓட்ஸை இடித்து வெல்லத்துக்குச் சர்க்கரை போட்டுப் பிசைந்தேன். மந்திரத்தால் ஏற்ற மனம் வரவில்லை, தீக்குச்சிதான். சுடரோடு மாவை வாயில் போட்டுக்கொள்ள எடுத்துக் கொடுக்கப் பெரியவர்கள் இல்லை. நானாக எடுத்துக்கொள்ளலாமா என்று தெரியாமல் பார்த்துக்கொண்டே இருந்தேன், அணைந்துவிட்டது. வளவில் எல்லோரும் வரிசையாக நிற்பீர்கள், அப்பத்தா கை நடுங்க நடுங்கக் கொடுப்பார்கள் என்று நினைத்து வெகுநேரம் அழுதேன்.

பங்காளிகள் இரண்டாம் கட்டுச் சாமான்களை விலை பேசுவதாக எழுதியிருக்கிறீர்கள். நிலையோ தூணோ, அப்பச்சி முடிவு செய்யட்டும். ஐயாவின் எண்சுவடியை மட்டும் கொடுத்துவிடாதீர்கள். மாகாணிக்குக் கீழே இறங்க எனக்குச் சொல் போதவில்லை. அதில் 320இல் ஒரு பங்கான முந்திரியும், அதற்கும் கீழே கீழ்முந்திரியும் இருக்கின்றன. பழைய பேரேடுகளோடு சேர்த்து எடைக்குப் போட்டுவிடுவார்கள் என்று பயமாக இருக்கிறது. ஓடு மாற்றும் செலவில் நம் பங்கைத் தை மாதம் தருவதாகப் பெரியப்பச்சியிடம் சொல்லுங்கள். அப்பச்சியின் கண் சிகிச்சையை அதற்காகத் தள்ளிப்போட வேண்டாம்.

சுவடி பெட்டகசாலையில், மேல் தட்டில், சிவப்புத் துணியில் கட்டியிருக்கிறது. சாவி பணியாரச் சட்டிக்குப் பின்னால். இன்றே எடுத்து உங்கள் பெட்டியில் வைத்துவிடுங்கள்.

அன்பு மகள்