காலை நாலு மணித் தண்ணீர்

கடலூர் முதுநகர்,
ஐப்பசி 9

அன்புள்ள கலியமூர்த்தி,

உன் கடிதம் சனிக்கிழமை வந்தது. ஒரு வாரமாக விட்டு விட்டு மழை. தபால்காரர் பிளாஸ்டிக் பையில் சுற்றித்தான் கொண்டுவந்து கொடுத்தார். ஆனாலும் உன் கையெழுத்தில் பாதி கரைந்துவிட்டது. கரையாத பாதியே என்னைத் தூக்கிவாரிப் போட்டது. ஓய்வுப் பணத்தைப் போட்டு கிள்ளைப் பக்கம் இரண்டு இறால் குட்டையைக் குத்தகைக்கு எடுக்கப் போகிறாயா? "முப்பது வருஷம் லேபில் டைட்ரேஷன் செய்து தண்ணீரைச் சோதித்தவன், தண்ணீர் என்னை ஏமாற்ற முடியாது" என்று வேறு எழுதியிருக்கிறாய். ஏமாற்றாதுதான். நீ பார்க்கிற நேரத்தில் அது நல்ல பிள்ளையாகவே இருக்கும்.

என் அக்கா மகன் பரங்கிப்பேட்டைப் பக்கம் நாலு வருஷமாக வனாமி இறால் வளர்க்கிறான். பென்ஷன் வாங்க ஆரம்பித்த பிறகு அவனுக்குக் கணக்கெழுதப் போனேன். இப்போது கணக்கை விட குட்டைக் கரையில்தான் அதிக நேரம் உட்கார்ந்திருக்கிறேன். போன சித்திரையில் நடந்ததை உனக்குச் சொல்லவில்லை. சொல்ல வெட்கமாக இருந்தது.

குஞ்சு விட்டு எழுபதாவது நாள். மூன்று நாளாக மந்தாரம். தண்ணீர் கெட்டிப் பச்சையாக இருந்தது. முழங்கை வரை கையை விட்டால் விரல் தெரியாது. சாயங்காலம் நாலு மணிக்குப் பார்த்தோம்: கரைந்த ஆக்சிஜன் லிட்டருக்கு 7 மில்லிகிராம், அமிலமா காரமா என்று காட்டுகிற பி.ஹெச். 8.8. இதற்கு மேல் என்ன வேண்டும் என்று சாப்பிட்டுவிட்டுப் படுத்தோம். விடியற்காலை மூன்றரைக்குக் காவலுக்கு இருந்த பையன் எழுப்பினான். டார்ச் அடித்தால் கரை ஓரமெல்லாம் சின்னச் சின்னச் சிவப்புக் கண்கள். அடியில் கிடக்க வேண்டிய இறால் அத்தனையும் மேலே வந்து ஓரத்தில் ஒதுங்கி நிற்கிறது. மீட்டரை விட்டால் 1.6. தண்ணீரில் காற்றைக் கலக்குகிற ஏரேட்டரில் ஒன்று எப்போது நின்றதென்றே யாருக்கும் தெரியவில்லை. விடிவதற்குள் கால்வாசி போயிற்று.

மருமகன் உட்கார்ந்து அழுதான். நான் பாட்டிலில் தண்ணீர் பிடித்து வைத்து, ஒன்பது மணிக்கு வெயில் ஏறியதும் மறுபடி குட்டையைப் பார்த்தேன். ஆக்சிஜன் மெல்ல ஏறிக்கொண்டிருந்தது. ஒன்றுமே நடக்காத மாதிரி! நீ காலை பத்து மணிக்குப் பிப்பெட்டோடு வந்து நின்றிருந்தால் "தண்ணீரில் குற்றமில்லை" என்று எழுதிக் கையெழுத்தே போட்டிருப்பாய்.

அப்புறம்தான் யோசித்தேன். அந்தப் பச்சை என்பது கண்ணுக்குத் தெரியாத பாசி. பகலில் கரியமில வாயுவை இழுத்துக்கொண்டு ஆக்சிஜனை விடுகிறது; கரியமிலம் குறையக் குறைய பி.ஹெச். ஏறுகிறது. இருட்டியதும் அதுவும் மூச்சு வாங்கத்தான் செய்கிறது. தண்ணீரிலும் அடிச் சேற்றிலும் இருக்கிற பாக்டீரியா ராத்திரி பகல் என்று பார்ப்பதில்லை. இறால்தான் ஆக்சிஜனைக் குடித்துத் தீர்க்கிறது என்று நாங்கள் நினைத்திருந்தோம். கூட்டிக் கழித்துப் பார்த்தால் அதன் பங்கு சிறுசு. பெரும்பங்கு இந்தப் பொடிசுகளுக்குத்தான். மந்தாரத்தில் பகல் வரவு குறைந்தது, ராத்திரிச் செலவு குறையவில்லை. கணக்கெழுதுகிறவன் நான், இது கூடத் தெரியாமல் தூங்கியிருக்கிறேன்.

கலியமூர்த்தி, நீ பி.ஓ.டி. பார்ப்பாயே, தண்ணீரிலுள்ள அழுக்கு எவ்வளவு ஆக்சிஜனை இழுக்கும் என்கிற சோதனை, ஞாபகம் இருக்கிறதா? பாட்டிலை நிறைத்து, மூடி, 27 டிகிரியில் 3 நாள் இருட்டில் வைத்துவிட்டு, எவ்வளவு ஆக்சிஜன் குறைந்தது என்று பார்த்துக் குறிப்பாய். அந்த மூன்று நாளும் உள்ளே இருந்து அதைத் தின்றது யார் என்று நாம் ஒரு நாளாவது கேட்டிருக்கிறோமா? முப்பது வருஷமாக அவற்றின் மூச்சை அளந்து, தண்ணீரின் குணம் என்று பேர் எழுதி வைத்திருக்கிறாய்.

இப்போது என் மேஜைக்கு எதிரே ஜன்னலில் ஒரு பாட்டில் இருக்கிறது. பேத்தி பள்ளிக்கூடத்துக்காகச் செய்தது; செய்தது நான், பேர் அவளுக்கு. உப்பனாற்றுச் சேற்றில் கிழித்த செய்தித்தாளும் ஒரு முட்டை மஞ்சள் கருவும் கொஞ்சம் ஜிப்சமும் கலந்து, மேலே அதே ஆற்றுத் தண்ணீரை ஊற்றி, மூடி வெயில் படும்படி வைத்தோம். ஏழு வாரம் ஆகிறது. மேலே பச்சை, அதற்குக் கீழே துருப்பிடித்த நிறம், அதற்கும் கீழே கத்திரிப்பூ நிறத்தில் திட்டுத் திட்டாக, அடியில் மைக் கறுப்பு. யாரும் சாயம் ஊற்றவில்லை. ஆக்சிஜன் மேலிருந்து வருகிறது, கந்தக வாயு, அதாவது அழுகின முட்டை நாற்றம் அடிக்கிற ஹைட்ரஜன் சல்பைடு, அடியிலிருந்து வருகிறது. எந்தக் கூட்டத்துக்கு எந்த இடம் தோதோ அங்கே அது குடியேறிவிட்டது. கத்திரிப்பூ நிறத்துக் கூட்டமும் வெயிலை வைத்துத்தான் சமைக்கிறது. ஆனால் தண்ணீருக்குப் பதில் அந்த நாற்ற வாயுவை உடைப்பதால் ஆக்சிஜன் விடுவதில்லை. உன் தங்கச்சி மட்டும் இந்தப் பாட்டிலைக் குப்பையில் போடு என்று தினமும் சொல்கிறாள். மூடியைத் திறந்தால் அவள் பக்கம் நியாயம் இருப்பது தெரியும்.

இப்படிப் பாட்டில் வைக்கிற வித்தையைக் கண்டுபிடித்தவர் வினோகிராட்ஸ்கி என்பவர், 1856-இல் கீவ் நகரத்தில் பிறந்தவர். முதலில் பியானோ படிக்கப் போனாராம். சில பாக்டீரியாக்கள் மாவும் சர்க்கரையும் தேடாமல், கந்தக வாயுவையும் அம்மோனியாவையும் எரித்தே பிழைக்கின்றன என்று கண்டு சொன்னவர் அவர்தான். அம்மோனியாவைத் தின்கிறவற்றை 1890 வாக்கில் தனியே பிரித்தும் காட்டினார். உனக்கு அதில்தான் காரியம் இருக்கிறது, கவனமாகப் படி.

தீவனத்தில் மூன்றில் ஒரு பங்கு புரதம். அதிலிருக்கும் நைட்ரஜனில் ஏறக்குறைய நாலில் ஒரு பங்குதான் இறால் உடம்பில் சேர்கிறது, மீதி தண்ணீருக்கு. அது அம்மோனியாவாக நிற்கும். அம்மோனியாவிலும் நச்சு வடிவம், அவ்வளவு நச்சில்லாத வடிவம் என்று இரண்டு உண்டு என்பதை நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. பி.ஹெச். 7-லிருந்து 8-க்கு ஏறினால் நச்சு வடிவம் ஏறக்குறைய பத்து மடங்காகும். அதாவது சாயங்காலம் பாசி பி.ஹெச்-ஐ ஏற்றிவிடுகிற நேரத்தில், அளவு மாறாமலே அம்மோனியா விஷமாகிறது. காலையில் மூச்சுமுட்டல், மாலையில் விஷம். இரண்டுக்கும் ஒரே பச்சைதான் காரணம்.

அந்த அம்மோனியாவை ஒரு கூட்டம் நைட்ரைட் ஆக்க, இன்னொரு கூட்டம் நைட்ரேட் ஆக்க வேண்டும். இரண்டும் மந்தமாகப் பெருகுகிறவை. மற்ற பாக்டீரியா அரை மணியில் இரட்டிப்பாகும்போது இவற்றுக்குப் பல மணி நேரம், சிலவற்றுக்கு ஒரு நாள் கூட ஆகும். புதுக் குட்டையில் முதலில் அம்மோனியா ஏறி இறங்கும், பிறகு நைட்ரைட் ஏறி இறங்கும். அவசரப்பட்டுத் தீவனத்தைக் கொட்டினால் போச்சு. அப்புறம் இந்த வேலைக்குக் கூலி உண்டு: ஒரு கிராம் அம்மோனியா நைட்ரஜனை நைட்ரேட் ஆக்க 4.6 கிராம் ஆக்சிஜன் போகும். அமிலத்தைத் தாங்குகிற காரத்தன்மையும், கால்சியம் கார்பனேட் கணக்கில், 7 கிராமுக்கு மேல் கரையும். பண்ணைக்காரர்கள் சுண்ணாம்பு சுண்ணாம்பு என்று அலைவது ஏன் என்று இதைப் படித்த பிறகுதான் எனக்கு விளங்கிற்று.

கடையில் பாக்கெட் பாக்கெட்டாகப் பாக்டீரியாப் பொடி விற்கிறார்கள். போன வருஷம் ஒருவர் வீடு தேடி வந்து, சட்டியில் வெல்லப்பாகோடு ஊறவைத்து ஊற்றினால் அம்மோனியா ஓடிவிடும் என்றார். ஊற்றினோம். குறையத்தான் செய்தது. எனக்கென்னவோ வேலை செய்தது வெல்லப்பாகு என்றே படுகிறது. சர்க்கரை கிடைத்தால் குட்டையில் ஏற்கெனவே இருக்கும் கூட்டமே பெருகும். பெருக நைட்ரஜன் வேண்டும், அம்மோனியாவை எடுத்துக்கொள்ளும். அன்று ராத்திரி ஆக்சிஜனையும் சேர்த்துத்தான் எடுத்துக்கொண்டது. பொடிக்குக் கொடுத்த பணத்துக்கு இன்னொரு ஏரேட்டர் வாங்கியிருக்கலாம்.

சேற்றைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஆறாம் வகுப்பில் நாம் உப்பனாற்றில் நண்டு பிடிக்கப் போய், இடுப்பு வரை சேற்றில் புதைந்தோமே. வீட்டுக்கு வந்தால் உன் வெள்ளி அரைஞாண் கொடி கறுத்துக் கிடந்தது. உன் அம்மா கண்ணு பட்டுவிட்டதென்று மிளகாய் சுற்றிப் போட்டார்கள். அது கந்தக வாயு வெள்ளியில் படிந்த கறுப்பு. சேற்றில் ஒரு விரல் ஆழத்துக்குக் கீழே ஆக்சிஜன் கிடையாது. கடல் தண்ணீரில் சல்பேட் என்கிற கந்தக உப்பு லிட்டருக்கு 2.7 கிராம் இருக்கிறது. ஆக்சிஜன் தீர்ந்த இடத்தில் ஒரு கூட்டம் அந்தச் சல்பேட்டை வைத்து மூச்சு விடுகிறது. வெளியே விடுவது அழுகின முட்டை நாற்றம். அது சேற்றிலுள்ள இரும்போடு சேர்ந்தால் அந்தக் கறுப்பு. பெருமாள் ஏரிச் சேறும் கறுப்புத்தான், ஆனால் கழிமுகத்து நாற்றம் அதில் அவ்வளவு வராது. உப்பில்லாத நல்ல தண்ணீரில் சல்பேட் சொற்பம். அங்கே கடைசியில் மிஞ்சுவது மீத்தேன், கம்பால் குத்தினால் குமிழ் குமிழாக வரும். பிச்சாவரத்தில் கண்டல் மரம் வேரை ஆணி ஆணியாக மேலே நீட்டி வைத்திருப்பதும் கீழே காற்றில்லாத குறையால்தான்.

அறுவடை முடிந்ததும் குட்டையை வடித்து, தரை பொறுக்கு வெடிக்கிற மட்டும் காயப்போடுவார்கள். கறுப்பு மண் காற்றுப் பட்டதும் நாலு நாளில் பழுப்பாகும். அப்படி ஆகும்போது அமிலம் பிறக்கும், அதனால் அப்போதும் சுண்ணாம்பு. குத்தகைக்கு விடுகிறவர் "நேற்றுத்தான் அறுவடை முடிந்தது, நாளைக்கே குஞ்சு விடலாம்" என்று சொன்னால் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடு.

கடலுக்கும் இதே கதைதான், அளவுதான் பெரிசு. நம் வங்கக் கடலில் நூறு மீட்டருக்குக் கீழே பல நூறு மீட்டர் ஆழம் வரை ஆக்சிஜன் கிட்டத்தட்ட இல்லை. அரபிக் கடலில் அது அடியோடு தீர்ந்து, பாக்டீரியா நைட்ரேட்டை மூச்சுக்கு எடுத்து நைட்ரஜன் வாயுவாகக் காற்றில் விட்டுவிடுகிறது. பயிருக்கு ஆகிற சத்து வீணாகப் போகிறது. நம் வங்கக் கடலிலும் அதே வேலைக்காரர்கள் இருக்கிறார்கள். ஆனால் சாதாரண மீட்டருக்கே அகப்படாத துளி ஆக்சிஜன் மிச்சமிருப்பதால் பெரும்பாலும் கையைக் கட்டிக்கொண்டு இருக்கிறார்கள். இது 2017-இல் வந்த ஓர் ஆய்வு சொல்வது. அந்தத் துளியும் தீர்ந்தால் இந்தக் கடலின் கணக்கே மாறிவிடும். இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. சித்திரை மாதத்து டார்ச் வெளிச்சம்தான் ஞாபகம் வந்தது.

சரி, குத்தகை விஷயம். இப்போது முன்பணம் கொடுக்காதே. மழைக்காலம் முடியட்டும். தை பிறந்ததும் திருச்சியில் ரயில் ஏறிப் பரங்கிப்பேட்டையில் இறங்கு, மருமகன் வண்டியோடு நிற்பான். உன் மீட்டரைக் கொண்டு வா. இரண்டு ராத்திரி கொட்டகையில் படுக்க வேண்டும்; மணிக்கு ஒரு தடவை எழுந்து நீயே அளந்து நோட்டில் எழுத வேண்டும். அந்த நோட்டைப் பார்த்த பிறகும் உனக்கு ஆசை இருந்தால், நானும் பாதி போடுகிறேன். கொசு வலை இங்கே இருக்கிறது, போர்வை மட்டும் எடுத்து வா.

உன்,
ராசேந்திரன்

பி.கு.: ஏரி மீனில் மண் வாடை அடிக்கிறதென்று உன் வீட்டில் தொடுவதில்லை என்றாயே, அதுவும் இந்தப் பொடிசுகள் வேலைதான். ஜியோஸ்மின் என்று ஒரு பொருளை விடுகின்றன, முதல் மழைக்கு மண் மணப்பதும் அதனால்தான். அமிலம் பட்டால் அது சிதையும். குழம்புக்கு முன்னால் மீனைப் புளித் தண்ணீரில் கொஞ்ச நேரம் ஊறவைக்கச் சொல்லிப் பார்.