யார் துணை யாருறவே

அன்புள்ள மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே எல்லாரும் சுகம். சித்தி வீட்டுச் சங்கதி பழையபடிதான். ஒன்பது ஞாயிறாக உன் போன் இல்லை. வேலை இருக்கும், சரி. வெந்நீர் குடி, தொண்டையைப் பார்த்துக்கொள்.

போன ஞாயிறு நம் சபைக் கோயிலில் 'சத்தாய் நிஷ்களமாய்' கீர்த்தனை பாடினார்கள். 'நிஷ்களமாய்' என்பதைப் பாதி விழுங்கிவிட்டார்கள். நீ ஒருநாளும் விழுங்கியதில்லை. உருவமும் உறுப்பும் இல்லாதது என்று பத்து வயதிலேயே அர்த்தம் சொன்னவள் அல்லவா! சத்து, சித்து, ஆனந்தம் மூன்றையும் பிதா, சுதன், பரிசுத்த ஆவி என்ற திரித்துவத்துக்குச் சொல்ல, இதை எழுதிய எச்.ஏ. கிருஷ்ண பிள்ளையால்தான் முடிந்தது. 1827இல் கரையிருப்பில் வைணவ வீட்டில் பிறந்தவர். சாயர்புரத்தில் தமிழ் வாத்தியார். 1858இல் சென்னையில் ஞானஸ்நானம் பெற்றார். முப்பது வயது வரை படித்த தமிழையெல்லாம் கையோடு கொண்டுவந்துவிட்டார்.

பக்கத்து வீட்டு ரேடியோ ஞாபகம் இருக்கிறதா? சுந்தரர் தேவாரம், 'அன்னே உன்னையல்லால் இனி யாரை நினைக்கேனே' என்று முடிந்தது. "அப்பா, இது நம்ம 'சத்தாய்' பாட்டுல வர்ற 'அத்தா உன்னை அல்லால்' மாதிரியே இருக்கே" என்றாய். நான் எழுந்துபோய் சன்னலைச் சாத்தினேன். இப்படியெல்லாம் பேசக்கூடாது என்று அதட்டினேன்.

நீ சொன்னதுதான் சரி அம்மா. ரேடியோவில் கேட்ட அந்தப் 'பொன்னார் மேனியனே' பாட்டின் நடை அப்படியே நம் பாட்டில் இருக்கிறது. தமிழ் எம்.ஏ. படித்த எனக்கு அது அன்றைக்கே தெரியும். கோயிலில் நாலு பேர் என்ன சொல்வார்களோ என்று பயம். உன் கல்யாணத்தன்றும் அதே பயம்தான். முதுகுவலி என்று அம்மாவிடம் சொல்லி அனுப்பினேனே, அது பொய். அவள் தனியாக பஸ் ஏறினாள். நான் கதவைச் சாத்திவிட்டு உள்ளே உட்கார்ந்திருந்தேன். அதே பாட்டின் 'எனக்கு யார் துணை யாருறவே' என்ற அடியை நாற்பது வருடம் பாடியிருக்கிறேன். பெற்ற மகளுக்கு உறவாக வந்து நிற்கவில்லை.

அங்கே நீ பாடுகிறாயா? இல்லை, விட்டுவிட்டாயா? விட்டுவிடாதே. மாப்பிள்ளையின் அம்மா விடியற்காலையில் தேவாரம் பாடுவார்களாமே, அம்மா சொன்னாள். அந்தப் பதிகத்தை அவர்களிடம் கேட்டுப் படித்துக்கொள். நம் பாட்டையும் அவர்களுக்குப் பாடிக் காட்டு.

மாப்பிள்ளையை நான் விசாரித்ததாகச் சொல். ஞாயிறு ராத்திரி போனைப் பக்கத்திலேயே வைத்திருப்பேன். வெந்நீர் குடிக்க மறக்காதே.

அப்பா