பழைய கணக்கில் ரேஷன்

ஆசிரியர் அவர்களுக்கு,

2021இல் நடந்திருக்க வேண்டிய மக்கள்தொகைக் கணக்கெடுப்பு 2027க்குத் தள்ளிப்போனதன் பாரம் ஏழைகள் தலையில்தான் விழுகிறது. 2013ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி கிராமங்களில் 75 சதவீதம், நகரங்களில் 50 சதவீதம் பேர் வரை மத்திய அரசின் தானியம் உண்டு. அந்த ஒதுக்கீடு 2011இல் எண்ணிய 121 கோடிப் பேரை வைத்தே நிற்கிறது. அதன்பின் பிறந்த பிள்ளைகளுக்கும் பசிக்கும் அல்லவா? தமிழ்நாட்டில் எல்லோருக்கும் ரேஷன் இருப்பதால் இந்த வலி நமக்கு அவ்வளவாகத் தெரிவதில்லை. ஜார்க்கண்டில் புதுப் பெயர் சேர்ப்பதே பெரும்பாடு.

இம்முறையாவது செங்கல் சூளைகளிலும் கட்டடப் பணியிடங்களிலும் தங்கியிருக்கும் வெளிமாநிலத் தொழிலாளர்களை ஒருவர் விடாமல் எண்ண வேண்டும். எண்ணி முடித்த கையோடு ரேஷன் ஒதுக்கீட்டையும் உயர்த்த வேண்டும்.

– வாசகர், விழுப்புரம்