சேர்க்காமல் விட்ட பத்துச் சதுரங்கள்

வட்டக்கச்சி,
மார்கழி 14.

அன்பு மகளுக்கு,

துண்டுத் துணிகளைச் சேர்த்து மெசினில் போர்வை தைப்பது எப்படி என்று போனில் நீ கேட்டதற்கு அன்றைக்கு நான் ஒழுங்காகப் பதில் சொல்லவில்லை. அளவு, ஊசி, நூல் என்று வாயால் சொன்னால் மனதில் நிற்காது. உனக்கும் வேலைக்குப் போக நேரமாகிவிட்டது. அதனால் கொப்பித் தாளில் எழுதுகிறேன். மாமாவின் மகன் தை பிறந்ததும் ரொறன்ரோவுக்குத் திரும்புகிறான். அவனிடம் ஒரு பொதி கொடுத்துவிடுவேன். இந்தக் கடிதமும் அதற்குள்தான் இருக்கும்.

பொதியில் இருபது சதுரங்களைச் சேர்த்துத் தைத்த பெரிய துண்டு ஒன்று இருக்கிறது. இன்னும் பத்துச் சதுரங்கள் தனித்தனியாக இருக்கின்றன. நேரம் போதாமல் அம்மா விட்டுவிட்டாள் என்று நினைக்காதே. அந்தப் பத்தையும் நீதான் சேர்க்க வேண்டும். எப்படிச் சேர்ப்பது என்று சொல்வதற்குத்தான் இவ்வளவு எழுத்தும்.

முதலில் நீ தைத்த போர்வையைப் பற்றிச் சொல்கிறேன். மேல்துணி கடைசியில் கொத்தாகக் குவிந்து மடிப்பு விழுந்துவிட்டது என்று அழாத குறையாகச் சொன்னாயே, அது உன் கையின் பிழை அல்ல. உன் மெசினில் ஊசிக்கும் வலப்பக்கத் தூணுக்கும் இடையில் எவ்வளவு இடம் இருக்கிறது என்று கையை விரித்து அளந்து பார். ஒரு சாண் வராது. வீட்டு மெசின்களில் அது பெரும்பாலும் 6, 7 அங்குலந்தான். என்னுடைய கால் மெசினிலும் அப்படித்தான். ஐந்தடி அகலத் துணியை, அதுவும் மூன்று அடுக்கை, பாய் சுருட்டுவதுபோலச் சுருட்டி அந்தச் சந்துக்குள் நுழைத்தால் தைப்பதைவிடச் சுமப்பதே பெரிய வேலையாகிவிடும். அது மட்டுமல்ல. மெசினின் பல் கீழே இருக்கிறது. அது அடித்துணியைத்தான் பிடித்து நகர்த்தும். மேல்துணியைப் பாதம் அமுக்கிக்கொண்டே இருக்கும். ஒவ்வொரு தையலுக்கும் மேல்துணி ஒரு மயிரிழை பிந்துகிறது. ஆறடி ஓடி முடிக்கும்போது அந்த மயிரிழைகளெல்லாம் சேர்ந்து மடிப்பாக நிற்கும். ஓரடிச் சதுரத்தில் அப்படிச் சேர்வதற்கு இடமில்லை. மேலும் கீழும் சேர்த்து இழுக்கிற பாதம் ஒன்று உன் மெசினுக்கு வாங்கலாம் என்றாய். வாங்கினால் நல்லது. ஆனால் அது கிடைக்கும்வரை காத்திருக்கத் தேவையில்லை.

ஆகவே முழுப் போர்வையையும் ஒரேயடியாகத் தைக்காதே. ஒவ்வொரு சதுரத்துக்கும் மேல்துணி, நடுவிரிப்பு, அடித்துணி மூன்றையும் வைத்து அதை அதிலேயே முடித்துவிடு. பிறகு முடிந்த சதுரங்களைச் சேர். நான் 13 அங்குலமாக வெட்டி, தைத்த பிறகு 12 அங்குலமாக ஓரம் நறுக்கினேன். தையல் விழ விழத் துணி உள்ளே இழுபடும்; முதலிலேயே 12 என்று வெட்டினால் ஒன்று பதினொன்றே முக்காலாகவும் இன்னொன்று பதினொன்றரையாகவும் வந்து நிற்கும். வரிசைக்கு ஐந்து, ஆறு வரிசை, மொத்தம் முப்பது. முடிந்ததும் ஐந்தடிக்கு ஆறடி வரும்.

துணியை வெட்டுமுன் நனைத்துக் காயவை. நான் ஒரு சிவப்புச் சீத்தைத் துண்டை நனைக்காமல் தைத்து, பிறகு கழுவினேன். பக்கத்திலிருந்த வெள்ளை ரோஸ் நிறமாகிவிட்டது. அது உன் பள்ளிக்கூடச் சட்டையின் வெள்ளை. நல்லவேளை, சட்டையின் மற்றப் பாதி மிச்சம் இருந்தது. நனைத்தால் சாயமும் போகும், சுருங்குவதும் முன்னாலேயே சுருங்கிவிடும்.

என்னிடம் சனிக்கிழமைகளில் தையல் பழகும் பிள்ளைகளில் ஒருத்தி ஆடைத் தொழிற்சாலையில் வேலை செய்கிறாள். வெட்டுத் துண்டுகள் ஒரு பை நிறையக் கொண்டுவந்து தந்தாள். பார்வைக்கு அழகு. ஆனால் பாதிக்கு மேல் பின்னல் துணி, பனியனைப்போல இழுபடும். நெய்த துணிக்குப் பக்கத்தில் அதை வைத்துத் தைத்தால் ஓரம் அலையடிக்கும். அதை அவளுக்கே விளக்கிச் சொல்லித் திருப்பிக் கொடுத்தேன். உனக்கும் சொல்கிறேன்: பருத்தியோடு பருத்தி, நெய்ததோடு நெய்தது. நைலெக்ஸ் போன்ற செயற்கைத் துணி வேண்டாம்.

நடுவில் பழைய பிளானல் போர்வையை வெட்டி வைத்திருக்கிறேன். நம் மார்கழிப் பனிக்கு அது தாராளம். உன் ஊர்க் குளிருக்குப் போதுமா என்று அப்பா கேட்டார். குளிரைத் தடுப்பது துணியின் பாரமல்ல, அடுக்குகளுக்குள் அசையாமல் அடைபட்டிருக்கும் காற்று. பழைய பிளானலில் மயிர் தேய்ந்துபோன இடங்களை விலக்கி, நல்ல இடங்களைத்தான் எடுத்திருக்கிறேன். தை, மாசியில் இதற்குமேல் இன்னொன்றும் போர்த்துக்கொள். அடுத்த போர்வை செய்யும்போது கடையில் சுருளாக விற்கும் பருத்தி விரிப்பை வாங்கி வை.

மூன்றையும் அடுக்கி, பெரிய ஓட்டுத்தையலால் கையால் பிடித்துக்கொள். பிறகு நடுவிலிருந்து வெளியே தை. ஓரத்திலிருந்து தொடங்கினால் மிச்சத் துணி நடுவில் மாட்டிக்கொண்டு கொப்பளம்போல எழும்பும். தையல் கொஞ்சம் நீளமாக, 3 மில்லிமீற்றர். ஊசி 14 நம்பர், தடிப்பான இடங்களுக்கு 16. ஒரு துண்டில் தைத்துத் திருப்பிப் பார்: மேல்நூலும் பொபின் நூலும் முடிச்சாகிற இடம் நடுவிரிப்புக்குள் ஒளிந்திருக்க வேண்டும். கீழ்ப்பக்கம் முடிச்சு தெரிந்தால் மேல்நூலை இறுக்கு. மேலே தெரிந்தால் இளக்கு. இதை ஒவ்வொரு நாளும் தைக்கத் தொடங்குமுன் பார்.

பெரிய துண்டின் இரண்டாவது வரிசையில் நீலக்கரை போட்ட சதுரம் ஒன்று இருக்கும். அதைக் கொஞ்சம் பார்த்துக்கொள். அம்மம்மாவின் நூல் சேலை. போரில் இடம்பெயர்ந்து விசுவமடு, உடையார்கட்டு, இரணைப்பாலை என்று ஒவ்வோர் இடமாகக் கொண்டுபோன பெட்டியில் அவருடைய சேலைகள் ஏழெட்டு இருந்தன. மாத்தளன் கடற்கரையை விட்டுப் போகும்போது மிஞ்சியது அவர் உடுத்தியிருந்தது மட்டும். மற்றதெல்லாம் எங்கே போனதென்று உனக்கு நினைவிருக்கும் என்றுதான் நினைக்கிறேன். உனக்கு அப்போது ஒன்பது வயது.

கடற்கரை மணல். எவ்வளவு ஆழம் வெட்டினாலும் சரிந்து விழும். மண்மூட்டை அடுக்காமல் பதுங்குகுழி நிற்காது; மூட்டைக்குச் சாக்கு கிடையாது. அதனால் எல்லோரும் சேலைகளைக் கொண்டுவந்தார்கள். மெசினின் மேசையையும் காலையும் வட்டக்கச்சியிலேயே விட்டு, தலையை மட்டும் கழற்றிச் சைக்கிளில் கட்டி அப்பா கொண்டுவந்திருந்தார். அதை ஒரு மரப்பெட்டியின் மேல் வைத்து, வலக்கையால் சக்கரத்தைச் சுற்றி, இடக்கையால் துணியைத் தள்ளித் தைத்தேன். ஒரு சேலையில் ஐந்து, ஆறு பை வரும். மூன்று பக்கமும் இரட்டைத் தையல். நீ பையின் வாயை விரித்துப் பிடிப்பாய், அண்ணா சிரட்டையால் மணல் அள்ளிப் போடுவான். ஒரு பிள்ளை, புதிதாகக் கல்யாணம் முடித்தவள், தன் கூறைச் சேலையைக் கொண்டுவந்து தந்தாள். தந்துவிட்டு, கரையை மட்டும் வெட்டித் தரமுடியுமா அக்கா என்று கேட்டாள். வெட்டிக் கொடுத்தேன். அதைச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டு, பைகளைத் தோளில் போட்டுக்கொண்டு போனாள். அவளுடைய முகம் மறந்துவிட்டது. கரையின் மயில் பச்சை இன்னும் மறக்கவில்லை.

அந்த மெசின் தலை அங்கேயே மணலுக்குள் போய்விட்டது. செட்டிகுளம் முகாமில் இருந்து, 2010இல் ஊருக்குத் திரும்பி, இப்போதுள்ள கால் மெசின் கிடைத்து, ஊர்ப் பிள்ளைகளின் சட்டையும் பிளவுசும் தைத்துத்தான் உங்களைப் படிப்பித்தேன். கடைத்துணி எவ்வளவோ வெட்டியிருக்கிறேன். ஆனால் 16 வருடமாக ஒரு சேலையில் கத்தரிக்கோல் வைத்ததில்லை. கிழிந்தால் ஒட்டுப் போட்டேன். நைந்தால் மடித்துப் பெட்டிக்குள் வைத்தேன். நீ போர்வை தைக்கப் போகிறேன் என்று சொன்ன அன்று இரவுதான் அம்மம்மாவின் சேலையை எடுத்தேன். வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் இழை தெரிகிற அளவுக்கு மெலிந்திருந்தது. நம் வீடுகளில் பழஞ்சேலையை நாலாக மடித்துத்தான் பிறந்த பிள்ளையைக் கிடத்துவோம். வங்காளத்துப் பெண்கள் அப்படி அடுக்கிய சேலைகளின்மேல் ஓட்டுத்தையல் ஓட்டிக் காந்தா என்று போர்வையாகவே செய்கிறார்கள். போர்வைக்காக வெட்டுவது வேறு என்று மனதுக்குச் சொல்லிக்கொண்டு வெட்டினேன். மெலிந்த துணியானபடியால் அதன் அடியில் ஒரு வொயில் துண்டு வைத்துத் தைத்திருக்கிறேன். கழுவும்போது அந்தச் சதுரத்தைக் கசக்காதே.

இனிச் சேர்ப்பது. இதை இரண்டு தரம் வாசி.

சதுரங்களைச் சேர்க்கத் துணி நாடா இரண்டு விதமாக வெட்டி வைத்திருக்கிறேன். முன்பக்கத்துக்கு 1 அங்குல அகலம். பின்பக்கத்துக்கு ஒன்றே முக்கால் அங்குலம், நீளவாக்கில் இரண்டாக மடித்து அயர்ன் செய்தது. முதல் சதுரத்தின் வலது ஓரத்தில், மேலே 1 அங்குல நாடாவை நல்லபக்கம் கீழே பார்க்க வை. சதுரத்தின் அடியில் மடித்த நாடாவை வை. மடிப்பு சதுரத்தின் உள்ளே பார்க்க, வெட்டு ஓரங்கள் எல்லாம் ஒரே கோட்டில் நிற்க வேண்டும். கால் அங்குலம் விட்டு எல்லாவற்றையும் ஒரே தையலில் பிடி. இப்போது முன்நாடாவின் மற்ற ஓரத்தை இரண்டாவது சதுரத்தின் இடது ஓரத்தோடு, நல்லபக்கமும் நல்லபக்கமும் பார்க்க வைத்து, அதே கால் அங்குலத்தில் தை. பின்நாடா இந்தத் தையலுக்குள் அகப்படக்கூடாது. விரித்துப் பார். இரண்டு சதுரங்களின் ஓரங்களும் நாடாவின் அடியில் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு படுத்திருக்கும். ஒன்றின்மேல் ஒன்று ஏறவும் கூடாது, இடைவெளி தெரியவும் கூடாது. ஏறினால் உன் கால் அங்குலம் கூடிவிட்டது, பிரித்துத் தை. சரியாக இருந்தால் விரலால் தடவும்போது எங்கே சேர்ந்ததென்று தெரியாது. எனக்கு ஏழாவது சதுரத்தில்தான் அப்படி வந்தது; அதற்கு முந்திய ஆறையும் பிரித்து மறுபடி தைத்தேன்.

பிறகு திருப்பிப் போட்டு, பின்நாடாவை இழுத்து இரண்டாவது தையலை மூடிக் கையால் ஒளித்தையல் போடு. மெசினாலும் அடிக்கலாம், சீக்கிரம் முடியும். ஆனால் இந்த ஓரிடத்தில் நான் கைத்தையலைத்தான் விரும்புகிறேன். மெசின் தையல் பின்னால் நாடாவை விட்டு விலகினாலும் முன்னிருந்து தெரியாது; கழுவிய பிறகுதான் வாய் திறக்கும்.

ஐந்து சதுரம் சேர்ந்தால் ஒரு வரிசை. வரிசைகளைச் சேர்க்க 62 அங்குல நாடாக்கள் வைத்திருக்கிறேன். முதலில் பத்தையும் இரண்டு வரிசையாக்கு. அந்த இரண்டையும் ஒன்றோடொன்று சேர்த்துவிட்டு, கடைசியாகப் பெரிய துண்டோடு சேர். பாரமான துண்டை மெசினுக்கு இடப்பக்கம் மேசையின்மேல் கிடத்திவிடு. வலப்பக்கச் சந்துக்குள் ஓரம் மட்டும்தான் போகும், சுருட்டவே தேவையில்லை. நாடாக்கள் குறுக்கே சந்திக்கும் இடங்களில் துணி தடித்திருக்கும். அங்கே கரண்டால் ஓட்டாதே. சக்கரத்தைக் கையால் சுற்றி நாலு தையல் கடந்துவிடு. எனக்கு இரண்டு ஊசி அங்கேதான் முறிந்தது.

சுற்றோரத்துக்கு இரண்டரை அங்குல அகலத்தில் 280 அங்குல நாடா சுருட்டி வைத்திருக்கிறேன். அது போதும்.

இங்கே மழை விடவில்லை. இரணைமடுக் குளம் நிரம்பி வான்கதவு திறந்துவிட்டார்கள். அப்பா வயலுக்குப் போய் வரம்பு பார்த்துவிட்டு இப்போதுதான் வந்தார். நான் எழுதுவதைப் பார்த்துவிட்டு, அவருடைய பழைய சாரத்தில் வெட்டிய சதுரம் எந்தப் பக்கம் வருகிறது என்று கேட்டார். அது உன்னிடம் வரும் பத்தில் இருக்கிறது. நீல, வெள்ளைக் கட்டம். கால்மாட்டுக்குப் போகாமல் பார்த்துக்கொள் மகள். சேர்த்த பிறகு எதை எங்கே வைத்தாய் என்று ஒரு படம் எடுத்து அனுப்பு, அவருக்குக் காட்டுகிறேன்.

ஊசிகளைத் தடித்த கடதாசியில் குத்தி, நாடாச் சுருளின் நடுவில் வைத்திருக்கிறேன். பிரிக்கும்போது கை கவனம்.

அன்புடன்,
அம்மா