கீமோவும் ஒரு வலி மாத்திரையும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன இதழில் கீமோவின் பக்கவிளைவுகள் பற்றிய கட்டுரை படித்தேன். முடி கொட்டுவதும் வாந்தியும் விரிவாக வந்திருந்தன. சிறுநீரகத்துக்கு ஒரே வரி. எங்கள் வீட்டில் இரண்டு மாதம் தூக்கத்தைக் கெடுத்தது அந்த ஒரு வரிதான்.

என் அண்ணனுக்கு நாக்கில் புற்றுநோய். கதிர்வீச்சோடு வாரம் ஒருமுறை சிஸ்பிளாட்டின் என்ற கீமோ மருந்து. மருந்துக்கு முன்னும் பின்னும் மணிக்கணக்கில் சலைன் ஏற்றுவார்கள். தெம்புக்குக் குளுக்கோஸ் ஏற்றுவது போல என்று நினைத்திருந்தோம். சிஸ்பிளாட்டின் சிறுநீரில் வெளியேறும் மருந்து. போகிற வழியில் சிறுநீரகத்தின் நுண்குழாய்ச் செல்களில் சேர்ந்து அவற்றைச் சிதைக்கும். அதைக் குறைக்கத்தான் அவ்வளவு சலைன் என்பது பிறகுதான் புரிந்தது. 1978-இல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற மருந்து இது. அதற்கு முன்பு, சிறுநீரகத்தைக் கெடுக்கிறது என்றே கைவிடும் நிலைக்குப் போயிருக்கிறது. நிறைய சலைன் ஏற்றும் முறை வந்துதான் பிழைத்ததாம்.

நாலாவது வாரம் வாயெல்லாம் புண். எச்சில் விழுங்கவே கண்ணீர் வரும், அப்புறம் லிட்டர் கணக்கில் தண்ணீர் எங்கே குடிப்பது? வலி தாங்காமல் துடித்ததால் தெருமுனை மெடிக்கலில் டைக்ளோஃபெனாக் வாங்கிக் கொடுத்தேன். நான்தான் கொடுத்தேன், நாலு நாள். உடம்பில் நீர் வற்றியிருக்கும்போது அந்த மாத்திரை சிறுநீரகத்துக்குப் போகும் ரத்தத்தையும் குறைத்துவிடும். அடுத்த ரத்தப் பரிசோதனையில் 0.9 இருந்த கிரியாட்டினின் 2.1. சிறுநீரகம் வடிகட்டி வெளியேற்ற வேண்டிய கழிவு அது; ஏறினால் சிறுநீரகம் தளர்கிறது என்று பொருள். மக்னீசியமும் இறங்கி, விரல்கள் இழுத்துப் பிடித்துக்கொண்டன. கீமோவை, சிறுநீரகத்தை அவ்வளவு கெடுக்காத கார்போபிளாட்டினுக்கு மாற்றினார்கள்.

வலி மாத்திரை கூடாது என்று எங்களிடம் யாரும் சொல்லவில்லை. கையில் கொடுத்த தாளில் இருந்திருக்கலாம். அது ஆங்கிலத்தில் இருந்தது.

எல்லாக் கீமோ மருந்தும் இப்படி இல்லை. மெத்தோட்ரெக்சேட் என்ற மருந்தை அதிக அளவில் கொடுத்தால் அது சிறுநீரக நுண்குழாய்களில் படிகமாகி அடைக்கும் என்று சோடியம் பைகார்பனேட் சேர்த்து ஏற்றுகிறார்கள். சில மருந்துகள் சிறுநீரகத்தை அவ்வளவாகத் தொடுவதே இல்லை. கிரியாட்டினினையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது. சதை வற்றி மெலிந்தவர்களுக்குப் பாதிப்பு இருந்தும் எண் சாதாரணமாகவே காட்டும்.

அண்ணனுக்கு இப்போது 1.4-இல் நிற்கிறது. இதைப் பற்றி ஒரு சிறுநீரக மருத்துவரை எழுதச் சொல்லுங்கள். டைக்ளோஃபெனாக், ஐபுப்ரூஃபன் என்ற பெயர்களைப் பெரிய எழுத்தில் போடுங்கள். வலி என்றதும் மெடிக்கலில் எடுத்து நீட்டுவது அவற்றைத்தான்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், தஞ்சாவூர்